ஊர்க் கரண்டு

காரிலிருந்து இறங்கலாமா கூடாதா என்பதைக் காரே முடிவு செய்யும் என்று சட்டம் வந்தபோது தொட்டிக்காட்டுப்பாளையத்தில் யாரும் அலட்டிக்கொள்ளவில்லை. சட்டங்கள் பஸ்ஸில் வந்து இறங்கி, டீ குடித்துவிட்டு, அதே பஸ்ஸில் திரும்பிப் போய்விடுவது அந்த ஊர் வழக்கம்.

சட்டத்துக்குக் காரணம் இருந்தது. காற்றுக் காலத்தில் மின்கம்பி அறுந்து கார்களின் மேல் விழும். விழுந்தால் உள்ளே இருப்பவனுக்கு ஒன்றும் ஆகாது. காரின் இரும்புக் கூடு முழுக்க ஒரே அழுத்தத்தில் இருப்பதால், கம்பிமேல் உட்கார்ந்த குருவி மாதிரி அவன் சௌகரியமாக இருக்கலாம். ஆனால் மனிதன் குருவி அல்ல. பதறுவான். ஒரு கையைக் கதவிலும் ஒரு காலைத் தரையிலும் வைத்து இறங்குவான். அந்த நொடியில் கம்பிக்கும் பூமிக்கும் நடுவில் அவனே இன்னொரு கம்பி ஆகிவிடுவான். இப்படிப் பலர் போய்ச் சேர்ந்த பிறகு, ஒவ்வொரு காரின் அடியிலும் ஒரு மானியை வைத்தார்கள். காருக்கும் தரைக்கும் நடுவில் உள்ள அழுத்த வித்தியாசம் பூச்சியம் என்று அது சொன்னால்தான் கதவு திறக்கும்.

முதல் வருடம் கொஞ்சம் சிரமப்பட்டார்கள். ஊரில் ஓடுகிற தறிகள் எல்லாம் பாலியஸ்டர் தறிகள். உடுத்துவதும் அதுவே. பாலியஸ்டர் வேட்டி கார் சீட்டில் உரசினால் ஆயிரக்கணக்கில் வோல்ட் ஏறும். இறங்கும்போது சுரீர் என்று ஒரு கிள்ளு, அவ்வளவுதான், ஆள் சாக மாட்டான். அளவு அத்தனை சொற்பம். காருக்கு அந்த விவரம் தெரியவில்லை. ஆயிரக்கணக்கில் வோல்ட் என்றதும் கதவைப் பூட்டிவிட்டது. மணப்பெண்ணோடு பெண் வீட்டார் ஏழு பேர் கல்யாண மண்டப வாசலில் முகூர்த்தம் முடியும்வரை காருக்குள் இருந்தார்கள். ஜன்னல் வழியாகத் தாலி கட்டினார்கள் என்று சொல்வது மிகை. மாலை மட்டும்தான் மாற்றினார்கள். அப்புறம் கம்பெனிக்காரர்கள் மானிக்குப் புத்தி சொல்லிக் கொடுத்து, "இறங்கும்போது முதலில் கதவின் இரும்பைத் தொட்டுக்கொண்டு, பிறகு காலை ஊன்றுங்கள்" என்று பேசவும் கற்றுக்கொடுத்தார்கள்.

நாச்சிமுத்து அந்தப் புத்தி வந்த காரைத்தான் வாங்கியிருந்தார். இருபத்து நாலு தறிக்குச் சொந்தக்காரர், மாரியம்மன் கோயில் தர்மகர்த்தா, அறுபது வயது. கார் பேசுவது மட்டும் அவருக்குப் பிடிக்கவில்லை. ரேடியோவில் செய்தி வாசிப்பதுபோல் பேசியது.

ஆடி மாதம், மாலை நேரம். பல்லடம் போய்விட்டு வந்தவர் ஊருக்குள் திரும்பும் வண்டித் தடத்தில் வந்தபோது காற்று ஒரு வேப்ப மரத்தைப் பிடுங்கி மின்கம்பத்தின்மேல் சாய்த்தது. கம்பி அறுந்து கார் கூரையின் குறுக்கே கிடக்க, அதன் அறுந்த முனை பக்கத்துத் தரிசுக் காட்டில் காய்ந்த செம்மண்ணில் போய் விழுந்தது.

அந்தக் காட்டுத் துண்டு அவருடையதா, பங்காளி திருமலைசாமியுடையதா என்பதுதான் வழக்கு. ஒரு மாட்டு வண்டி போகிற அகலம். எல்லைக்கு நட்ட பொலிக்கல்லை யார் நகர்த்தினார்கள் என்ற கேள்வியில் பதினொரு வருடமாக அவர்கள் இருவரும் பேசுவதில்லை. திருமலைசாமி பெரியப்பா மகன், மூத்தவர். அவர் வீடு அந்தத் துண்டைத் தாண்டியவுடன் இருந்தது.

"அபாயம்," என்றது கார். "தங்கள் வாகனத்தின் மேல் பதினோராயிரம் வோல்ட் மின்கம்பி விழுந்துள்ளது. தாங்கள் உள்ளே இருக்கும்வரை பாதுகாப்பாக இருக்கிறீர்கள். கதவு பூட்டப்பட்டுள்ளது."

"தொற," என்றார் நாச்சிமுத்து.

"பூச்சியம் வந்தவுடன் திறப்பேன்."

"எப்ப வரும் உன்ற பூச்சியம்?"

"அது தங்கள் ஊரைப் பொறுத்தது."

காருக்குக் கிண்டல் தெரியாது. ஆனால் சரியாகத்தான் சொன்னது. தொட்டிக்காட்டுப்பாளையத்தில் கம்பி அறுந்தாலும் கரண்டு சாகாது. அது அந்த ஊரின் பெருமை.

எல்லா வீட்டுக் கூரையிலும் சூரியத் தகடு, சுவரில் திண்டு மாதிரி ஒரு பேட்டரிப் பெட்டி. சர்க்கார் கரண்டு போனால் அந்தப் பெட்டி தெருக் கம்பியிலிருந்து தானாக விலகிக்கொண்டு, வீட்டுக்கு மட்டும் கொடுக்க வேண்டும் என்பது விதி. ஊர்க்காரர்கள் கூடிப் பேசி, அந்த விலக்கியைக் கழற்றி எறிந்தார்கள். தனித்தனியாக இருந்தால் ஒரு வீட்டுப் பெட்டி தறியை எவ்வளவு நேரம் ஓட்டும்? எல்லாப் பெட்டியும் சேர்ந்து தெருக் கம்பியில் கொட்டினால், யாருக்கு வேண்டுமோ அவர் எடுத்துக்கொள்ளலாம். தறி நிற்காது. ஊர்க் கரண்டு என்று அதற்குப் பேர். வெளியூர்ச் சொந்தம், உறம்பரை வந்தால் அதைத்தான் முதலில் காட்டுவார்கள்.

லைன்மேன் கம்பம் ஏற வேண்டுமானால் என்ன செய்வது? அதற்கும் ஒரு கட்டுப்பாடு இருந்தது. கோயில் மணி தொடர்ந்து அடித்தால் எல்லாரும் பெட்டியை அணைக்க வேண்டும். மணி நின்றால் போட்டுக்கொள்ளலாம்.

லைன்மேன் செபஸ்தியான் மொபெட்டில் வந்து சேர்ந்தார். காரைச் சுற்றித் தூரமாகக் கயிறு கட்டி, அதற்குள் யாரும் வரக் கூடாது என்று சத்தம் போட்டார். அவருடைய இடது கையில் மூன்று விரல் இல்லை.

"ஏனுங்க லைன்மேன்," என்று கத்தினார் நாச்சிமுத்து. கார் நாலு விரல் அகலத்துக்கு ஜன்னலைத் திறந்து விட்டிருந்தது. "அங்க ஆபீசுல அணைச்சாச்சுங்களா?"

"அது எப்பவோ அணைச்சாச்சுங்க. இப்ப ஓடறது உங்கூர்க் கரண்டு. மணி அடிக்கச் சொல்லி ஆளு போயிருக்குது."

"கம்பத்துல கைப்பிடி வெச்ச சுச்சு ஒண்ணு இருக்குமே? அதை எறக்கிவிட்டா ஆச்சு."

"இருந்துச்சுங்க. நாங்க அடிக்கடி எறக்கறோம்னு நீங்கதான் புடுங்கிக் கெணத்துல போட்டீங்க."

நாச்சிமுத்துவுக்கு அது நினைவில் இருந்தது. கிணற்றைத் தேர்ந்தெடுத்ததே அவர்தான்.

"செரி, மொபெட்டுல இருக்கற அந்த எர்த் தடியைக் கம்பியில மாட்டிக் கரண்டை மண்ணுக்கு எறக்கிப்போடுங்க."

"உசுரோட இருக்கற கம்பியிலயா?" செபஸ்தியான் இடது கையைத் தூக்கிக் காட்டினார். "போன ஆடியில இதே ஊர்தானுங்க. மணி கணகணன்னு அடிச்சுட்டே இருந்துச்சு. அணைச்சாச்சுன்னு சத்தியம் பண்ணுனீங்க. நம்பித் தொட்டேன். எந்த வூட்டுக்காரன் அணைக்கலைன்னு இன்னைக்கு வரைக்கும் தெரியலை. அதுக்கப்புறம் இந்த ஊர்ல நான் கம்பம் ஏறலீங்க. உங்க காரு பூச்சியம்னு சொல்லட்டும், வர்றேன்."

கோயில் மணி அடிக்கத் தொடங்கியது. மணி என்றால் மணி மட்டும் இல்லை. கயிறு இழுத்து இழுத்துத் தோள்பட்டை வலிக்கிறது என்று பூசாரி புலம்பியதால், இரண்டு வருடத்துக்கு முன் நாச்சிமுத்து மெஷின் ஒன்றை வாங்கிக் கொடுத்திருந்தார். பொத்தானை அமுக்கினால் மணி, முரசு, சேகண்டி மூன்றும் சேர்ந்து முழங்கும். நெற்றியில் 'உபயம்' என்று போட்டு, அவர் பெயரும் தறிக்கூடத்தின் பெயரும் எழுதியிருந்தது.

தறிச் சத்தம் ஒவ்வொரு பக்கமாக அடங்கியது. ஊர் திடீரென்று காது கேளாதவர் கனவு மாதிரி ஆயிற்று.

"இப்ப?" என்று கேட்டார்.

"பதினோராயிரத்துக்குச் சற்றுக் குறைவு," என்றது கார்.

"ஊரே அணைச்சுருச்சேயப்பா!"

"ஊரே அணைக்கறது வேற, எல்லாரும் அணைக்கறது வேறங்க," என்றார் செபஸ்தியான் கயிற்றுக்கு அந்தப் பக்கமிருந்து. "எல்லாரும் அணைச்சா பாரமும் போயிருது. தறியில்ல, மோட்டாரில்ல. அப்ப ஒத்தை வூட்டுப் பொட்டி போதும். டிரான்ஸ்பார்மர் வழியா மேல ஏறி, கம்பி முழுக்க உசுரு குடுத்துரும். ஆளில்லாத ரோட்டுல ஒத்தச் சைக்கிளு பறக்கற மாதிரி."

நாச்சிமுத்துவின் மைத்துனன் குழந்தைவேலு நாலு பேரைச் சேர்த்துக்கொண்டு வீடு வீடாகப் போனான். தறி நின்றுபோனதால் பொழுது போகாத மற்றவர்கள் கயிற்றைச் சுற்றி வேடிக்கை பார்க்க வந்துவிட்டார்கள். காருக்குள் இருக்கும் ஆளைப் பார்த்து ஒரு கிழவி கும்பிட்டாள். ஏனென்று கேட்டதற்கு, கண்ணாடிக்குப் பின்னால் இருக்கிறாரே என்றாள்.

குழந்தைவேலு திரும்பி வந்து சொன்னான். "மாமா, மூணு எடத்துல மாட்டிட்டானுங்க. பேக்கரிக்காரரு ஐஸ்கிரீம் உருகிரும்னு விட்டு வெச்சிருக்காரு. வாத்தியார் வூட்டுல மேட்ச் ஓடுது. கோழிப்பண்ணையில குஞ்சுக்கு லைட்டு. எல்லாரும் ஒரே பேச்சு. 'ஊரே அணைக்குது, என்ற ஒருத்தன் வூட்டுல என்ன வந்துரப் போகுது'ங்கறாங்க. அணைக்க வெச்சுட்டு வந்தேன்."

"பதினோராயிரத்துக்குச் சற்றுக் குறைவு," என்றது கார், கேட்காமலே. பிறகு, "தங்களுக்கு ஒரு தகவல். முன் பக்க இடது டயரில் வெப்பம் ஏறிவருகிறது. டயர் ரப்பர் மின்சாரத்தை வெகுநேரம் தடுத்து நிறுத்தும் பொருள் அல்ல."

கருகும் வாசனை அவருக்கும் அடித்தது.

"தீப்புடிச்சா?"

"தீப்பிடித்தால் உள்ளே இருப்பது அபாயம். அப்போது மட்டும் பூச்சியம் இல்லாமலே கதவைத் திறப்பேன். தாங்கள் இறங்கக் கூடாது. குதிக்க வேண்டும். காரைத் தொட்டுக்கொண்டே தரையைத் தொடக் கூடாது. கைகளை மார்போடு கட்டி, இரண்டு கால்களும் சேர்ந்து ஒரே நேரத்தில் தரையில் படுமாறு குதிக்க வேண்டும். பிறகு கால்களைப் பிரிக்காமல், முப்பதடி தூரம் தத்தித் தத்திச் செல்ல வேண்டும்."

"தவக்களை மாதிரியா?"

"தவளை பின்னங்கால்களைப் பிரித்து ஊன்றும். ஆகவே தவளை மாதிரி அல்ல."

"ஏன், நடந்து போனா என்ன?"

"கம்பியின் முனை தரையில் கிடக்கிறது. குளத்தில் கல் எறிந்தால் அலை பரவுவதுபோல் மண்ணில் மின்னழுத்தம் பரவியிருக்கிறது. கிட்டே அதிகம், தள்ளிப் போகப் போகக் குறைவு. தாங்கள் ஓர் அடி எடுத்து வைத்தால் ஒரு கால் அதிகத்திலும் ஒரு கால் குறைவிலும் இருக்கும். நடுவில் இருப்பது தாங்கள். ஒரு காலில் ஏறி மறு காலில் இறங்கும்."

"அறுவது வயசுல, ஊரே பாக்க, குதிச்சுக் குதிச்சுப் போறதா? அதுக்கு இங்கயே இருக்கலாம்."

"அதையும் நான் பரிந்துரைக்கவில்லை," என்றது கார்.

கூட்டத்தில் பேச்சு வேறு பக்கம் திரும்பியிருந்தது. ஒவ்வொரு வீட்டுக்காரனும் அடுத்த வீட்டுக்காரனைப் பார்த்தான். பழைய கோழித் திருட்டு ஒன்று வெளியே வந்தது. யாருடைய வீட்டில் அணைக்க முடியாத ஒன்று இருக்கிறது என்று யாரோ கேட்டார்கள். கேட்டதும் எல்லாரும் ஒரே திசையில் பார்த்தார்கள். வழக்குக் காட்டைத் தாண்டி, திருமலைசாமி வீடு. அவர் மனைவி கருணாம்பாள் முப்பது வருடம் தறியில் நூல் தூசியைக் குடித்தவள். ஒரு வருடமாக மூச்சு மெஷினில் படுத்திருந்தாள். மெஷின் நின்றால் மூச்சு நின்றுவிடும் என்று ஊருக்கே தெரியும்.

"அந்தாளு எப்புடி அணைப்பாரு?" என்றான் குழந்தைவேலு. "கதவு சாத்தியிருக்குதுங்க மாமா. தட்டினா, 'வர முடியாது போங்க'ன்னு உள்ள இருந்து சத்தம் வருது."

நாச்சிமுத்து அந்த வீட்டைப் பார்த்தார். போன ஆடியில் செபஸ்தியானுடைய விரல்கள் போனதும் அந்த வீட்டால்தான் என்று அவருக்குத் தோன்றியது. பொலிக்கல் நகர்ந்ததும் தோன்றியது. பதினொரு வருடமும் ஒரே கணக்கில் வந்து நின்றது. அவர் ஒரு நிமிடம் யோசித்தார் என்று எழுதினால் நன்றாக இருக்கும். யோசிக்கவில்லை.

"பொட்டி வெளிச் செவுத்துலதான இருக்குது?" என்றார். "கேட்டுட்டு நிக்காதீங்க. ஒடைச்சுப் போடுங்க."

"உள்ள அந்தம்மா..." என்று இழுத்தார் செபஸ்தியான்.

"நான் இங்க வேகறது உங்களுக்குத் தெரியலீங்களா?"

ஐந்து பேர் கடப்பாரையோடு போனார்கள். சத்தம் நாலு தடவை கேட்டது. நாச்சிமுத்து கதவுப் பிடியில் கையை வைத்துக்கொண்டு காத்திருந்தார்.

"பதினோராயிரத்துக்குச் சற்றுக் குறைவு," என்றது கார்.

குழந்தைவேலு திரும்பி வந்தபோது கடப்பாரையைத் தோளில் வைத்திருக்கவில்லை. தரையில் இழுத்துக்கொண்டு வந்தான்.

"என்னடா?"

"அணைஞ்சுதான் இருந்துச்சுங்க மாமா. மணி அடிச்ச ஒடனேயே அணைச்சுட்டாராமா. கையில அமுக்கற மூச்சுப் பந்து ஒண்ணு வெச்சு, அந்தம்மா மூஞ்சியில பொருத்தி, அமுக்கிட்டே உக்காந்திருக்காரு. அதை விட்டுட்டு எந்திரிக்க முடியாம, வர முடியாது போங்கன்னு சொல்லியிருக்காரு."

"அப்பறம் எதுக்குடா ஒடைச்சீங்க?"

"ஒடைச்சுட்டுத்தானுங்க உள்ள போய்ப் பாத்தோம். நீங்கதான கேக்காம ஒடைக்கச் சொன்னீங்க."

நாச்சிமுத்து கதவுப் பிடியிலிருந்து கையை எடுத்தார்.

"ஒரு சங்கதி கேட்டுட்டு வரச் சொன்னாருங்க."

"என்னன்னு?"

"இன்னும் எவ்வளவு நேரமாகும்னு. கை வலிக்குதாமா."

"வேற ஆராச்சும் அமுக்கக் கூடாதா?"

குழந்தைவேலு சுற்றிலும் பார்த்தான். ஊர் முழுவதும் கயிற்றைச் சுற்றி நின்றிருந்தது.

டயரிலிருந்து புகை மெலிதாக எழுந்து கண்ணாடியைத் தடவியது. பேச்சு நின்றுபோனது. தறி இல்லை, மோட்டார் இல்லை, டிவி இல்லை. அப்படி ஓர் அமைதி அந்த ஊரில் யாரும் கேட்டதில்லை. அதற்குள் ஒரே ஒரு சத்தம் மட்டும் விடாமல் வந்துகொண்டிருந்தது. டாண், திம், டாண், திம்.

பூசாரி கயிறு இழுத்த காலத்தில் மணி இப்படி அடித்ததில்லை. நாலு அடி அடிப்பான், தோளை நீவிக்கொள்வான், அப்புறம் ரெண்டு அடிப்பான். இதற்குத் தோள் வலிக்கவில்லை.

"குழந்தைவேலு," என்றார் நாச்சிமுத்து மெதுவாக. "கோயில்ல ஆரு மணி அடிக்கறது?"

"ஆருமில்லீங்க மாமா. பூசாரி அந்தா நிக்கறாரு பாருங்க, வேடிக்கை பாத்துட்டு. அது அதும்பாட்டுக்கு அடிக்கும்."

"எதுல அடிக்குது?"

"உங்க உபய மெஷின்லதானுங்க."

"மெஷினு எதுல ஓடுது?"

குழந்தைவேலு கோயில் இருந்த திசையில் திரும்பினான். கோயில் கூரையில் இருந்த பேட்டரிப் பெட்டியும் நாச்சிமுத்துவின் உபயம்தான். ஊரே அணைந்தாலும் அம்மன் மணி அணையக் கூடாது என்று சொல்லி, ஊரிலேயே பெரிய பெட்டியாகப் பார்த்து வாங்கி, மற்ற எல்லாப் பெட்டிகளையும்போல அதையும் தெருக் கம்பியில் சேர்த்து விட்டிருந்தார்கள். ஊரை அணைக்கச் சொல்லி அது அடித்தது. அடிப்பதற்காக அது அணையாமல் இருந்தது. ஊர் அணையவில்லை என்பதால் விடாமல் அடித்தது.

செபஸ்தியான் தன் இடது கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். போன ஆடியிலும் மணி கணகணவென்றுதான் அடித்தது என்று அவர்தான் சொல்லியிருந்தார்.

"ஓடு! ஓடிப்போய் அதை அணை!" என்று நாச்சிமுத்து கத்தினார். குழந்தைவேலு கடப்பாரையைப் போட்டுவிட்டு ஓடினான். கோயில் ஊரின் மறு கோடியில் இருந்தது. அவன் தெருமுனை திரும்பி மறைந்த பிறகுதான் நாச்சிமுத்துவுக்கு மீதிப் பாதி புரிந்தது.

மணி அடித்தால் அணை. மணி நின்றால் போடு.

கூட்டத்துக்கு வராத சிலர் வீடுகளில் இருந்தார்கள். ஐஸ்கிரீம் இருந்தது, கோழிக்குஞ்சு இருந்தது, மேட்சில் கடைசி ஓவர் இருந்தது. பெட்டிக்குப் பக்கத்தில் விரலை வைத்துக்கொண்டுதான் காத்திருப்பார்கள்.

"அவனை நிறுத்துங்க!" என்றார். "மணி நின்னா எல்லாரும் போட்டுருவாங்க!"

செபஸ்தியானுக்கு உடனே புரிந்தது. ஆனால் எந்தப் பக்கம் ஓடுவது என்பதில் ஒரு நொடி தடுமாறினார். கோயில் ஒரு பக்கம், எர்த் தடி கட்டியிருந்த மொபெட் ஒரு பக்கம். மொபெட்டை நோக்கி ஓடினார்.

மணி நின்றது.

"பூச்சியம்," என்றது கார். "தாங்கள் காத்திருந்தமைக்கு நன்றி. கதவு திறக்கப்படுகிறது."

கதவு திறந்து காற்று உள்ளே வந்தது. நாச்சிமுத்து இடம் விட்டு அசையவில்லை.

"மறுபடியும் கரண்டு வரப்போகுதே?"

"வரப்போகும் மின்சாரத்தை அளக்கும் வசதி என்னிடம் இல்லை," என்றது கார். "தற்போது பூச்சியம்."

டயரின் அடியில் முதல் தீநாக்கு எட்டிப் பார்த்தது. நாச்சிமுத்து வேட்டியை மடித்துக் கட்டினார். வாசல் விளிம்பில் இரண்டு பாதங்களையும் ஒட்டி வைத்தார். கைகளை மார்பில் கட்டிக்கொண்டார். கயிற்றுக்கு வெளியே ஊர் முழுவதும் நின்றது. பேரன் பேத்தி எடுத்தவர்கள், அவரிடம் கூலி வாங்குகிறவர்கள், தர்மகர்த்தா என்று எழுந்து நிற்கிறவர்கள்.

குதித்தார்.

இரண்டு காலும் சேர்ந்து செம்மண்ணில் விழுந்தன. முழங்கால் மடங்கியது, விழவில்லை. ஒரு தத்து. இன்னொரு தத்து. மூன்றாவது தத்தில் காற்றில் இருந்தபோது, ஊரில் முதல் விளக்கு எரிந்தது. அப்புறம் வரிசையாக எல்லா வீடும். தறிகள் இரண்டு எங்கோ செருமிக்கொண்டு கிளம்பின. அவருக்குப் பின்னால், மண்ணில் கிடந்த கம்பியின் முனை சீறியது. அடுத்தபடி அவர் பாதம் தரையில் பட்டபோது உள்ளங்காலில் எறும்பு ஊர்ந்தமாதிரி ஏதோ ஊர்ந்தது, ஏற வழியில்லாமல் அங்கேயே நின்றது.

முப்பதடி என்று கார் சொல்லியிருந்தது. அவர் கணக்கை மறந்துவிட்டார். யாரோ "போதுமுங்க, நடங்க, நடங்க" என்று கத்தியது காதில் விழுந்தது, நம்பவில்லை. தத்திக்கொண்டே போனார். கம்பிக்கு எட்டத்தில், வழக்குக் காட்டின் நடுவே போனார். பொலிக்கல்லை ஒட்டிப் போனார், பார்க்கவில்லை. ஊரில் எல்லா வீட்டிலும் வெளிச்சம் இருக்க, ஒரு வீட்டில் மட்டும் இல்லை. அந்த வீட்டின் வாசற்படியையும் இரண்டு காலைச் சேர்த்தே ஏறினார்.

உள்ளே இருட்டில் திருமலைசாமி கட்டிலோரம் உட்கார்ந்து பந்தை அமுக்கிக்கொண்டிருந்தார். வந்தவரின் கால்களைப் பார்த்தார்.

"ஏன்டா குதிச்சுட்டு வர்றே?"

"கரண்டுங்கண்ணா."

"மணி நின்னுருச்சு. ஊருக்கெல்லாம் வந்துருச்சு. எனக்கு மட்டும் வரலையே."

"பொட்டி ஒடைஞ்சிருச்சுங்கண்ணா."

"சத்தம் கேட்டுச்சு."

நாச்சிமுத்து கையை நீட்டினார். திருமலைசாமி உடனே கொடுக்கவில்லை. கருணாம்பாளின் மார்பு ஏறி இறங்குவதை இரண்டு முறை பார்த்துவிட்டு, மூன்றாவது முறை அது இறங்கும்போது பந்தை அவர் கையில் மாற்றினார். விரல்கள் விறைத்து, மாற்றிய பிறகும் பந்தைப் பிடித்த வடிவத்திலேயே இருந்தன.

"வேகமா அமுக்காதே. அவ இழுக்கறப்ப அமுக்கு. நெஞ்சைப் பாத்துட்டே இரு. வேற எதையும் பாக்காதே."

"செரிங்கண்ணா."

திருமலைசாமி சுவரில் சாய்ந்தார். சாய்ந்தவுடன் தூங்கிவிட்டார்.

வெளியே செபஸ்தியான் கூட்டத்தைப் பார்த்து இரைந்துகொண்டிருந்தார். கம்பி மறுபடி உயிரோடு இருக்கிறது, கார் எரிகிறது, எர்த் பண்ணினால்தான் ஆகும், பூசாரியைக் கூப்பிடுங்கள், மெஷின் வேண்டாம், மணிக் கயிறு எங்கே என்று தேடுங்கள். எரிகிற காரிலிருந்து, "தங்கள் பயணம் பாதுகாப்பாக நிறைவடைந்தது. இதற்கு எத்தனை நட்சத்திரங்கள் அளிப்பீர்கள்?" என்று ஒரு குரல் இரண்டு முறை கேட்டு, மூன்றாவது முறை பாதியில் நின்றது.

கொஞ்ச நேரம் கழித்துக் கோயில் மணி மறுபடி அடித்தது. இந்தத் தடவை முரசு இல்லை, சேகண்டி இல்லை. நாலு அடி அடித்து நின்றது. அப்புறம் ரெண்டு. தறிகள் அடங்கின. விளக்குகள் ஒவ்வொன்றாகப் போயின. ஊர் முழுவதும் இருண்டபோது அந்த வீட்டில் மட்டும் எதுவும் மாறவில்லை.

ஒரு மணியோசைக்கும் அடுத்ததற்கும் நடுவில் பூசாரி மூச்சு வாங்கினான். நாச்சிமுத்து அந்த மணியைக் கேட்டு அமுக்கவில்லை. கருணாம்பாள் இழுத்தபோது அமுக்கினார், விட்டபோது விட்டார். உட்கார்ந்திருந்தாலும் கால்கள் இரண்டும் இன்னும் ஒட்டியே இருந்தன.